பிந்திப் பாடிய கரடி

குவீன்ஸ், நியூயார்க்
1968 நவம்பர், கடைசி ஞாயிறு, மதியம்

அன்பும் மதிப்பும் மிக்க ஹுல்டா அக்காவுக்கு,

தம்பி ஆல்வின் பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கே நான் சுகம். இடது முழங்கால் சுகமில்லை, ஆனால் அது தனிக் கடிதத்துக்கு உரிய விஷயம் என்பதால் இதில் சேர்க்கவில்லை. மின்னசோட்டாவில் பனி வேலிக்கம்பத்தை மூடிவிட்டதாகப் பேப்பரில் படித்தேன். நீயும் எர்லிங் அத்தானும் அடுப்பும் கையுமாக இருந்து, வெளியே வழுக்கி விழாமல், மார்கழியைக் கடக்க வேண்டும் என்று காலையில் சர்ச்சில் உங்கள் இருவர் பெயரையும் சொல்லிக் கேட்டுக்கொண்டேன். நீ அனுப்பிய உருளைக்கிழங்கு ரொட்டி தபாலில் நொறுங்காமல் வந்து சேர்ந்தது. வெண்ணெயும் சர்க்கரையும் தடவிச் சுருட்டி, ஜன்னலோரம் நின்றபடியே தின்றுவிட்டேன். தட்டில் வைத்துத்தான் தின்றிருக்க வேண்டும்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். வரிசையாகச் சொல்ல முயல்கிறேன், வரிசை தவறினால் மன்னித்துக்கொள்.

ரொட்டிப் பொட்டலத்தோடு நீ வைத்திருந்த அச்சடித்த அறிவிப்பைப் பார்த்தேன். 'டிசம்பர் எட்டாம் தேதி மாலை நம் சர்ச்சின் கீழ்த்தளத்தில் டெலிவிஷன் வைக்கப்படும், குழந்தைகளுக்கான கிறிஸ்துமஸ் பொம்மைப்படத்தில் நம் ஆல்வின் பாடுவதை அனைவரும் வந்து கேட்கவும், காப்பியும் கேக்கும் உண்டு' என்று இருக்கிறது. பாஸ்டரின் சம்மதமும் வாங்கிவிட்டாய். வெர்னா ஸ்டென்ஸ்ரூட் முன்வரிசையில் உட்கார வேண்டும் என்று நாற்காலியில் அவள் பெயரை ஒட்டியே வைத்துவிட்டாய் என்றும் எழுதியிருக்கிறாய். அவள் மகன் ஊர்வலத்தில் பெரிய பித்தளைக் குழல் வாசித்ததை டெலிவிஷனில் காட்டினார்கள் என்பதற்காக நான்கு வருடமாக அவள் உன்னைப் படுத்தும் பாடு எனக்குத் தெரியும். ஆனால் அக்கா, அந்தப் பையனின் குழலாவது கண்ணுக்குத் தெரிந்தது. என் தொழிலில் ஆள் தெரியவும் கூடாது, குரல் தனியாகக் கேட்கவும் கூடாது. ஆகவே அந்த ஏற்பாட்டைத் தயவுசெய்து ரத்து செய்துவிடு. இந்தக் கடிதத்தின் நோக்கம் இதுதான். இதை முதல் வரியிலேயே எழுதியிருக்க வேண்டும், எழுதும் துணிவு வரவில்லை.

ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் படம் முடிந்த கையோடு நீ எனக்கு டெலிபோன் செய்வாய். போன வருடம், "எதுடா உன் குரல்? அந்த மான்குட்டி அழறப்போ பின்னாடி கும்முன்னு வந்ததே, அதுதானே? எனக்கு அழுகையே வந்துடுச்சுடா" என்றாய். நான் அப்போதே சொன்னேன், அக்கா, அது டிரம்போன் என்ற குழல் வாத்தியம். நீ நம்பவில்லை. "உன் குரல் எனக்குத் தெரியாதா? தொட்டில்ல கிடந்தப்பவே கேட்டவ நான்" என்று அதட்டினாய். அதற்கு முந்திய வருடம் நீ அழுதது க்ளிஃபோர்டின் குரலுக்கு. க்ளிஃபோர்ட் எனக்குப் பக்கத்தில் நின்று, என்னைப் போலவே தாழ்ந்த சுருதியில் பாடும் கீழ்க்குரல்காரர். அவரிடம் சொன்னேன். அவர் சந்தோஷப்பட்டு உனக்கு வாழ்த்து அட்டை அனுப்ப முகவரி கேட்டார்.

எங்கள் தொழிலை உனக்கு நான் சரியாக விளக்கவில்லை, குற்றம் என்னுடையதுதான். வார்ட்லோ என்பவர் நடத்தும் பாட்டுக்குழுவில் நாங்கள் எட்டுப் பேர். பொம்மைப்படத்தில் தேவதைகள் பாடினாலும், அணில்கள் பாடினாலும், காற்று ஊளையிட்டாலும், ஒரு குழந்தை தூங்கும்போது சுவர்க்கடிகாரம் பெருமூச்சு விட்டாலும், அது நாங்கள்தான். பெரும்பாலும் சொற்கள்கூட இல்லை, 'ஊ', 'ஆ', சில சமயம் 'ம்'. ஒருவர் குரல் தனியாகக் காதில் விழுந்தால் அது தவறு. எட்டும் ஒன்றாகக் கரைய வேண்டும். நன்றாகப் பாடினேன் என்றால் நான் அங்கே இல்லை என்று அர்த்தம். முப்பத்தெட்டு வருடம் பள்ளிக்கூடத்தில் லத்தீன் சொல்லிக்கொடுத்தவன் நான். என் குரல் தனியாகக் கேட்டு, ஒருவர் காதிலும் ஏறாமல் சுவரில் மோதித் திரும்பிவந்த வருடங்கள் அவை. அதனாலோ என்னவோ, அந்த எட்டுப் பேருக்கு நடுவில் என் மூச்சு எங்கே முடிகிறது, பக்கத்து மூச்சு எங்கே தொடங்குகிறது என்று தெரியாமல் போகும் நிமிஷம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். வெந்நீரில் இறங்குவது போல இருக்கும். உப்பிடம் கேட்டால் அதுவும் இதைத்தான் சொல்லும் என்று நினைக்கிறேன். சொல்லாமலும் இருக்கலாம்.

இந்த வருடப் படத்துக்கு ஜூலையில் பாடினோம். பொம்மைகளை ஜப்பானில் செய்து, நூலளவு நூலளவாக நகர்த்திப் படம் எடுப்பார்கள். அதற்கு மாதக்கணக்கில் ஆகும். அதனால் பாட்டு முதலில் போக வேண்டும், அதைக் கேட்டு அவர்கள் பொம்மையின் வாயைத் திறந்து மூடுவார்கள். எனவே எங்களுக்குக் கிறிஸ்துமஸ் எப்போதும் ஜூலையில்தான் வரும். தெருவில் தார் உருகிச் செருப்பில் ஒட்டிக்கொண்டிருந்தது. ஸ்டூடியோவில் ஏ.சி. இருக்கிறது, ஆனால் அதன் இரைச்சல் மைக்கில் விழும் என்று பாடும்போது அணைத்துவிடுவார்கள். பலகைத் தரை முனகும் என்பதால் ஷூவைக் கழற்றிவிட்டுச் சாக்ஸோடு நிற்போம். எட்டுப் பேரும் இருட்டில், வெறும் சாக்ஸோடு, வியர்வை காதோரம் வழிய, பனியைப் பாடினோம்.

ஆரம்பிக்கும் முன்னே வார்ட்லோ என் பக்கம் வந்தார். அவர் கெட்ட மனிதர் இல்லை. கழுத்துப்பட்டையைத் தளர்த்தாமலே இருப்பவர், அவ்வளவுதான்.

"ஆல்வின் சார், போன தடவை ஒரு இடத்தில உங்க குரல் தனியா கேட்டுது. வயசாச்சு, மூச்சு ஆடும், எனக்குப் புரியுது. இந்தத் தடவையும் கேட்டா நான் வேற ஆள் பார்க்கறதைத் தவிர வழியில்லை. தப்பா எடுத்துக்காதீங்க."

"எடுத்துக்கமாட்டேன் சார்" என்றேன். வேறென்ன சொல்வது?

எங்கள் மேல்குரல்காரி டோலரஸ் மான்சி முன்வரிசையிலிருந்து திரும்பாமலே, "வார்ட்லோ, உன் மூச்சு மட்டும் ஆடாம நிக்குதா? மாடிப்படி ஏறி வந்தப்போ நாங்க எல்லாரும் ரயில் வருதுன்னு நினைச்சோம்" என்றாள். அவள் புரூக்ளின்காரி. வாயில் பூட்டு கிடையாது.

கதை இதுதான். ஒரு பள்ளத்தாக்குக்கு வர வேண்டிய பனி வர மறந்துவிடுகிறது. பிராணிகள் எல்லாம் கூடிப் பனிக்கு ஒரு தாலாட்டு பாடுகின்றன. ஒருவருக்கொருவர் பேசாமல் சண்டை போட்டவை எல்லாம் ஒற்றுமையாக ஒரே குரலில் பாடி முடிக்கும்போது பனி விழுகிறது. தூங்கவைக்கும் பாட்டைக் கேட்டுப் பனி எதற்கு எழுந்து வர வேண்டும் என்று நான் கேட்க நினைத்தேன், கேட்கவில்லை.

கண்ணை மூடிக்கொண்டேன் அக்கா. கரைவதற்கு அது உதவும் என்று தோன்றியது. க்ளிஃபோர்டின் குரல் வலப்பக்கத்தில் கம்பளி மாதிரி இருந்தது. மெதுவாக அதற்குள் நுழைந்துகொண்டேன். இரண்டாவது அடி வரும்போது ஸ்டூடியோவுக்குள் பனி விழ ஆரம்பித்தது. பாட்டுத்தாள் வைத்த ஸ்டாண்டுகளின் மேல் விழுந்தது. டோலரஸின் சாக்ஸ் மேல் விழுந்தது. வார்ட்லோவின் வழுக்கைத் தலையில் விழுந்து, உருகாமல் அப்படியே இருந்தது. நான் ஆச்சரியப்படவில்லை, ஜூலைதானே, வர வேண்டிய நேரம்தான் என்று நினைத்துக்கொண்டேன். பிறகு சுவர்கள் இல்லை. உறைந்த ஏரி ஒன்று வெகு தூரம் போனது. நான் அதன் மேல் நடந்தேன், காலடி பதியவில்லை, முழங்கால் வலிக்கவில்லை. எங்கோ தாழ்வாக ஒரு சத்தம் என்னோடு கூடவே வந்தது. காற்றாக இருக்கும், பாவம், தனியாகப் போகிறதே என்று அதற்குத் துணையாக நடந்தேன். அது நான்தான் என்று தெரிந்திருந்தால் உடனே நிறுத்தியிருப்பேன்.

முழங்கையில் யாரோ குத்தினார்கள். 'ஹுப்' என்று என் வாயிலிருந்து ஒரு சத்தம் வந்தது. கண்ணைத் திறந்தேன். எல்லோரும் எப்போதோ பாடி முடித்திருந்தார்கள். வார்ட்லோவின் கை மூடிய முஷ்டியாக அந்தரத்தில் நின்றது. பாட்டை நிறுத்து என்பதற்கு அவர் காட்டும் சைகை அது.

டோலரஸ் என் முழங்கையிலிருந்து விரலை எடுத்து, "காலை வணக்கம், ஆல்வின்" என்றாள்.

நின்றுகொண்டே தூங்கியிருக்கிறேன், தூக்கத்திலும் பாடிக்கொண்டே இருந்திருக்கிறேன். பள்ளிக்கூடத்தில் என் வகுப்பில் தூங்காத பையனே கிடையாது. ஆனால் அவர்கள்கூட உட்கார்ந்துகொண்டுதான் தூங்கினார்கள்.

அந்த நீண்ட ஒற்றை 'ஊ'வை வெட்டி எறிந்திருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். பாட்டின் மற்ற பகுதி அவ்வளவு நன்றாக அமைந்துவிட்டது, இன்னொரு தடவை பாட வேண்டாம் என்று வார்ட்லோவே சொல்லிவிட்டார். அந்த 'ஊ' வாலை ஒலிப்பதிவுக்காரர் வெட்டிவிடுவார் என்று வார்ட்லோ நினைத்தார். வார்ட்லோ சொல்லட்டும், வெட்டலாம் என்று ஒலிப்பதிவுக்காரர் காத்திருந்தார். அவர் பார்த்துக்கொள்வார் என்று இவரும், இவர் பார்த்துக்கொள்வார் என்று அவரும் இருக்க, ஒலிநாடா ஜப்பானுக்கு விமானம் ஏறிப் போய்விட்டது. நான் ஒருவன் எழுந்து, 'ஐயா, வால் இருக்கிறது' என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் ஞாபகப்படுத்தியது போல ஆகுமே என்று பேசாமல் ஷூவை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன். நான்கு மாதம் எனக்கும் மறந்தே போயிற்று என்று எழுத ஆசைதான். ஒரு நாளும் மறக்கவில்லை.

போன வியாழக்கிழமை, முடிந்த படத்தைக் குழுவுக்குப் போட்டுக் காட்டினார்கள். சிறிய அறை, இருட்டு. கம்பெனிக்காரர்கள், கதை எழுதியவர், நாங்கள் எட்டுப் பேர். நான் கடைசி வரிசையில் ஓவர்கோட்டைக் கழற்றாமல் உட்கார்ந்தேன். படம் அழகாக இருந்தது அக்கா, அதை மறுக்க முடியாது. நீலமான பள்ளத்தாக்கு, பஞ்சில் செய்த மேகம். வட்டமாக நின்று பாடும் முயல், ஆந்தை, அணில், மான். பின்வரிசையில், எல்லோரையும்விடப் பெரிதாக, தான் இருப்பதற்காக வருத்தப்படுவது போலத் தோளைக் குறுக்கிக்கொண்டு ஒரு கரடி.

எல்லாம் பாடி முடித்தன. வாய்கள் மூடின. ஒரு பனித்துளிகூட விழவில்லை. கரடி மட்டும் கண்ணை மூடிக்கொண்டு, வாயைத் திறந்தபடி பாடிக்கொண்டே இருந்தது.

அந்த ஜப்பானியர்களைக் குறை சொல்ல முடியாது. நாடாவில் ஒரு சத்தம் இருந்தால் அதற்குக் காரணம் இருக்கும் என்று நம்பும் ஒழுங்கான மனிதர்கள். ஏழு குரல் நிற்கிறது, ஒன்று நிற்கவில்லை. சரி, ஒரு பிராணி நிறுத்தவில்லை. இவ்வளவு நீளத்துக்கு ஒரு சத்தத்தை வைத்திருக்கிறார்களே, அப்போது ஏதாவது நடக்க வேண்டுமே? ஆகவே பனியை அதுவரை பிடித்துவைத்து, அங்கே விட்டிருக்கிறார்கள். ஒரே ஒரு துளி, மேலேயிருந்து, அவசரமே இல்லாமல், ஆடி ஆடி இறங்கிக் கரடியின் மூக்கில் உட்கார்ந்தது. அப்புறம் ஒன்று. அப்புறம் பள்ளத்தாக்கு முழுக்க. அணில் வந்து கரடியின் முழங்கையில் குத்தியது. கரடி 'ஹுப்' என்றது, கண்ணைத் திறந்து வானத்தைப் பார்த்தது. என் கண் மூடியிருந்தது கடலுக்கு அந்தப் பக்கம் எப்படித் தெரிந்தது, டோலரஸின் விரல் எப்படித் தெரிந்தது என்று இன்னமும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். அந்த உறைந்த ஏரியில் நடந்தபோது யாராவது எதிரே வந்திருக்கலாம். எனக்கு நினைவில்லை.

அறையில் எல்லோரும் சிரித்தார்கள். டோலரஸ் சிரித்துச் சிரித்து க்ளிஃபோர்டின் தோளில் சாய்ந்துவிட்டாள். "பாரு, பாரு, ஓவர்கோட்டு மட்டும்தான் குறை" என்றாள்.

கதை எழுதியவர் மட்டும் சிரிக்கவில்லை. விளக்குப் போட்டதும் எழுந்து நின்றார். "எல்லாரும் ஒண்ணா பாடினாத்தான் பனி வரும்னு எழுதினேன். இப்போ என்னாச்சு? கவனிக்காம இருந்தவனுக்கு வந்திருக்கு. என் கதையோட நீதியே போச்சு. குழந்தைங்க என்ன கத்துக்கும்?"

"தூங்கினா நல்லதுன்னு கத்துக்கும். எந்த அம்மா வேண்டாம்னு சொல்வா?" என்றாள் டோலரஸ்.

வார்ட்லோ திரும்பவே இல்லை. அவருடைய பிடரி சிவந்திருந்ததைப் பார்த்தேன். கோட்டை எடுத்துக்கொண்டு வெளியே போகும்போது என்னிடம் நின்று, "ஆல்வின் சார், திங்கட்கிழமை என் ஆபீசுக்கு வாங்க, பேசணும்" என்றார். அவருக்குப் பின்னால் நல்ல தாடையோடு, வரிசையான பற்களோடு, முப்பது வயதுகூட இருக்காத ஒருவன் நின்றான். ரஸ்ஸல் டேட் என்று பெயர் சொன்னான். கீழ்க்குரல்காரன். என் கையைப் பிடித்துக் குலுக்கி, "உங்களைப் பத்தி நிறையக் கேள்விப்பட்டிருக்கேன் சார்" என்றான். செத்துப்போனவர் வீட்டுக்கு வந்தவர்கள் பேசும் அதே தொனி.

இப்போது உனக்குப் புரிந்திருக்கும். நாளை திங்கட்கிழமை. என் குரல் தனியாகக் கேட்டுவிட்டது, அதுவும் ஒரு தேசம் முழுக்கக் கேட்கப்போகிறது. எட்டுப் பேருக்கு நடுவில் இருந்த இடம் போய்விடும். வேறு குழுவில் எழுபத்தோரு வயதுக்காரனை எடுக்கமாட்டார்கள், நானும் போய்க் கேட்கமாட்டேன். வீட்டில் தனியாகப் பாடிப் பார்த்தேன். சமையலறையில் என் குரல் மட்டும் இருந்தது. அது எதிலும் கரையவில்லை, அலமாரிப் பாத்திரங்கள் கொஞ்சம் அதிர்ந்தன, அவ்வளவுதான். இப்படியொரு நிலையில் நீ ஊரைக் கூட்டி, காப்பி கொடுத்து, வெர்னா ஸ்டென்ஸ்ரூட்டை முன்வரிசையில் உட்காரவைத்து, என் வேலை போன சத்தத்தை அவள் கேட்க வேண்டுமா? "உங்க தம்பிக்கு எங்க நிறுத்தணும்னு தெரியாதா ஹுல்டா?" என்று அவள் கேட்பாள். டெலிவிஷன் ரிப்பேர் என்று சொல்லிவிடு. பாஸ்டரிடம் பொய் சொல்ல முடியாது என்றால், எர்லிங் அத்தானை விட்டு ஒரு திருகாணியைக் கழற்றச் சொல், அப்புறம் அது பொய்யாக இருக்காது. கேக் வீணாகாது, ஞாயிற்றுக்கிழமை வழிபாடு முடிந்ததும் கொடுத்துவிடலாம்.

உன் உடம்பைப் பார்த்துக்கொள். அத்தானுக்கு என் வணக்கம். பாஸ்டருக்கு என் மரியாதையைச் சொல். வெர்னாவின் மகனுக்கும் என் வாழ்த்து, அவன் நன்றாகத்தான் வாசித்தான். வரும் திருநாளில் உங்கள் வீட்டு ஜன்னலில் வெளிச்சமும், அடுப்பில் சூடும், மனதில் சமாதானமும் குறையாதிருக்கட்டும்.

என்றும் உன் கீழ்ப்படிதலுள்ள தம்பி,
ஆல்வின் தோர்ஸ்ருத்

பின்குறிப்பு: இது திங்கட்கிழமை மாலை. காலையில் தபால்பெட்டி வரை போய், போடாமல் திரும்பி வந்தேன். நல்லதாயிற்று. வார்ட்லோவின் ஆபீசுக்குப் போனேன். ரஸ்ஸல் டேட்டும் அங்கே இருந்தான். கம்பெனிக்காரர்களுக்குக் கரடியை ரொம்பப் பிடித்துவிட்டதாம், அடுத்த வருடம் கரடிக்கே தனிப் படமாம். "அதே மாதிரி பாடுங்க சார், அந்த நீளக் குரல்" என்று வார்ட்லோ பியானோ முன்னால் உட்கார்ந்தார். பாடினேன். "கேக்கலையே" என்றார். மறுபடி பாடினேன். "பியானோவோட கரைஞ்சு போறீங்க" என்றார். பியானோவை நிறுத்திவிட்டு ஜன்னலைத் திறந்து, "தனியா பாடுங்க" என்றார். வெளியே போன பஸ்ஸின் சத்தத்தோடு கலந்துவிட்டேனாம். மதியம் வரை முயன்றோம், அக்கா. என் குரலை யாராலும் தனியாகக் கேட்க முடியவில்லை. பிறகு அந்த ரஸ்ஸல் எழுந்து கண்ணை மூடினான். படத்தில் இருப்பது போலவே, 'ஹுப்' உட்பட, அச்சாகப் பாடினான். அவனை அதற்குத்தான் முன்னதாகவே பிடித்துவைத்திருக்கிறார்கள், நான் மாட்டேன் என்று சொல்லிவிட்டால் என்ன செய்வது என்று. "கரடி இவன் பாடட்டும். நீங்க க்ளிஃபோர்ட் பக்கத்தில உங்க இடத்திலேயே நில்லுங்க. இப்படிக் கரையற ஆளை நான் எங்க போய்த் தேடுவேன்?" என்றார் வார்ட்லோ. படியிறங்கும்போது எனக்கு முழங்கால் நினைவே வரவில்லை.

ஆகவே மேலே எழுதியதை எதையும் செய்யாதே. இந்தப் பின்குறிப்புக்கு வரும் முன்பே திருகாணியைக் கழற்றியிருந்தால் அத்தானை மாட்டச் சொல். எல்லோரையும் கூப்பிடு, வெர்னாவையும். அடுத்த வருடம் கரடி வேறு ஆள், நான் உள்ளே எங்காவது இருப்பேன், தேடிச் சிரமப்படாதே. இந்த வருடம் மட்டும் அது நான்தான். ஒரே ஒரு வேண்டுகோள். பிராணிகள் எல்லாம் வாயை மூடியதும், படம் முடிந்தது என்று நினைத்து யாரும் கை தட்டிவிடாமல் பார்த்துக்கொள். நான் இன்னும் நிறுத்தியிருக்கமாட்டேன்.